‘அழுதாலும்’ என்று தேடியவர்

எங்கள் பிரிவில் அக்காவுக்குக் ‘குறிக்காரி’ என்று பட்டப்பெயர். நேரில் அக்கா, அந்தப் பக்கம் போனால் குறிக்காரி. அது அவளுக்கும் தெரியும். “எல்லாருக்கும் குறி சொல்லிடுறேன், உனக்கு எப்போ புத்தி வரும்னு மட்டும் குறியில வர மாட்டேங்குதுடி” என்று என்னைத்தான் முதலில் வாருவாள். பக்கத்து மேஜைக்காரி என்பதால் எனக்கு அந்த மரியாதை.

நாங்கள் பார்க்கிற வேலையைச் சொன்னால் என் மாமியார் இன்றைக்கும் நம்புவதில்லை. ஆணி, திருகு, குழாய், பூட்டு, பக்கெட் என்று வீட்டுச் சாமான்களை இணையத்தில் விற்கிற கடை. கீழே கிடங்கு, மாடியில் நாங்கள். ஜனங்கள் தேடல் பெட்டியில் எதையோ எழுதுவார்கள். பொருள் கடையில் இருக்கும், அவர்கள் எழுதிய பெயரில் இருக்காது. ‘எதுவும் கிடைக்கவில்லை’ என்று வந்துவிடும். அப்படி வெறுங்கையோடு திரும்பிப் போன தேடல்கள் எல்லாம் காலையில் எங்கள் திரைக்கு வந்து சேரும். அந்த ஆள் என்ன கேட்டிருப்பார் என்று யோசித்து, அந்தச் சொல்லையும் பொருளையும் சேர்த்துவிட வேண்டும். இதற்கு எங்கள் பிரிவில் ‘முடிச்சு போடுவது’ என்று பெயர். ஒரு தடவை முடிச்சு போட்டுவிட்டால், அடுத்த முறை அதே சொல்லை எழுதுகிறவர் கண் முன்னால் அந்தப் பொருள் வந்து நிற்கும்.

இதில் இன்னொரு கூத்தும் உண்டு. எங்கள் தேடல் பெட்டி பொத்தானை அழுத்தும்வரை காத்திருக்காது. எழுதுகிற கை கொஞ்சம் நின்றால் போதும், அதுவரை எழுதியதைப் பிடுங்கிக்கொண்டு ஓடிவிடும். அதனால் எங்களுக்கு வருவதில் பாதி அரைகுறை. ‘தண்ணி சொட்டுறதுக்கு ரப்பர்’ என்று முழுசாக எழுதுகிறவர் மகராசன். ‘கதவு அடிச்சு அடிச்சு’ என்று அப்படியே நின்றுபோனவரும் உண்டு. அதைப் பார்த்து நான் திருதிருவென்று விழித்துக்கொண்டிருந்தபோது அக்கா எட்டிப் பார்த்து, “காத்துல அடிக்குதுடி. கதவுக்கடியில வைக்கிற ரப்பர் கட்டையப் போடு” என்றாள். போட்டேன். விற்றது.

முடிச்சு போட்ட சொல்லுக்கு முதல் விற்பனை நடந்தால் சார் தன் மேஜையில் இருக்கிற மணியை ஒரு தட்டு தட்டுவார். நாங்கள் எல்லோரும் கை தட்ட வேண்டும். சாருக்கு நாங்கள் வைத்த பெயர் ‘சதவீதம்’. வீட்டில் பிள்ளை பிறந்தால்கூடப் போன வருஷத்தோடு ஒப்பிட்டுத்தான் சொல்வார். அந்த மணி அதிகம் அடித்தது அக்காவுக்குத்தான்.

கல்யாணத்துக்கு முன்னாலிருந்தே அவள் ஒரு ஹார்டுவேர் கடையில் நின்றவள். உடைந்த துண்டு ஒன்றைக் கையில் வைத்துக்கொண்டு “இதே மாதிரி ஒண்ணு” என்று வருகிறவர்களைப் பார்த்துப் பார்த்துப் பழகியவள். கடை முதலாளியின் பிள்ளைகள் கடையை மூடியதும் இங்கே வந்து சேர்ந்தாள். வீட்டுக்காரர் ஸ்கூல் வேன் ஓட்டுகிறார். ஒரே மகன், கணக்கில் மட்டம், சாப்பாட்டில் புலி. அவன் கதை கேட்காமல் எங்களுக்குப் பொழுது விடிந்ததில்லை. அவளிடம் ஒரே ஒரு விநோதம்தான். கழிவறைக்குப் போனால் தாழ்ப்பாள் போட மாட்டாள். வெளியே நான் காவல் நிற்க வேண்டும். “ராணியம்மா உள்ள இருக்காங்க, யாரும் வராதீங்க” என்று வேண்டுமென்றே கத்துவேன். உள்ளிருந்து திட்டு விழும். ஏன் தாழ்ப்பாள் போடுவதில்லை என்று நான் கேட்டதே இல்லை.

அன்றைக்கு அவள் திரையில் ஒரு தேடல் வந்தது. ‘உள்ளே இருப்பவர் திறக்க முடியாத’. அவ்வளவுதான், அதோடு நின்றுவிட்டது.

எங்கள் வேலை பார்க்கிறவர்கள் எல்லோரும் பண்ணுகிற ஒரு தப்பு உண்டு. முதலில் கை முடிச்சைப் போட்டுவிடும், மனசு பிறகுதான் படிக்கும். வேகமாகப் போட்டால்தான் சதவீதம் சிரிப்பார். அக்கா அந்தச் சொல்லைப் பார்த்தாள், கதவுக்கு வெளியே மாட்டுகிற இரும்புத் தாழ்ப்பாளை எடுத்தாள், முடிச்சு போட்டாள், அடுத்ததுக்குப் போய்விட்டாள். நாய்க் கூண்டுக்கு என்று நினைத்தாளாம். நானாக இருந்தாலும் அதைத்தான் செய்திருப்பேன்.

மறுநாள் காலையில் மணி அடித்தது. “வெளித்தாழ்ப்பாள்!” என்று சார் அறிவித்தார். கை தட்டினோம். அக்கா எழுந்து நின்று மேடையில் நிற்கிற நட்சத்திரம் மாதிரி கையாட்டிவிட்டு உட்கார்ந்தாள். உட்கார்ந்தவள் திரையைப் பார்த்தபடி அசையவே இல்லை.

“இங்க வா” என்றாள். குரலில் விளையாட்டு இல்லை.

ஒவ்வொரு தேடலுக்குப் பக்கத்திலும் அது எந்த போனிலிருந்து வந்தது என்பதற்கு எண்ணும் எழுத்துமாக ஒரு குறி இருக்கும். நாங்கள் அதை ‘வால்’ என்போம். ஆள் யார், வீடு எங்கே என்பதெல்லாம் எங்களுக்குக் காட்ட மாட்டார்கள். வாலை மட்டும் பார்க்கலாம். தாழ்ப்பாள் வாங்கிய அதே வால், வாங்கி முடித்த பிறகு மறுபடியும் வந்து எழுதியிருந்தது.

‘தட்டினாலும் திறக்க’.

அதற்கும் கீழே ஒரே ஒரு சொல். ‘அழுதாலும்’.

ஆணியும் குழாயும் தேடுகிற இடத்தில் அந்தச் சொல்லுக்கு என்ன வேலை? அக்கா அதன் மேல் விரலை வைத்து, “யாரையோ உள்ள போட்டுப் பூட்டப் போறாங்கடி. அதுக்குத் தாழ்ப்பாள எடுத்துக் குடுத்தது நான். நீங்கல்லாம் கை தட்டினீங்க” என்றாள்.

சாரிடம் போனோம். அவர் திரையைக் குனிந்து பார்த்துவிட்டு, “யாராவது நாடகம் எழுதுறவனா இருக்கும்” என்றார்.

“பூட்டு விக்கிற கடையிலயா சார் நாடகம் எழுதுவாங்க?” என்று கேட்டேன். என் வாய் அப்படி.

என்னை முறைத்துவிட்டு அக்காவைப் பார்த்தார். “ஒத்த வார்த்தைய வச்சுக்கிட்டு போலீசுக்குப் போவீங்களா? அவங்க மனசுல என்ன இருக்குங்கறது நம்ம வேலை இல்லம்மா. கூடையில என்ன விழுதுங்கறதுதான் நம்ம வேலை.”

அக்கா திரும்பி வந்து அந்த முடிச்சை அவிழ்த்துவிட்டாள். அவிழ்த்து என்ன பிரயோஜனம், தாழ்ப்பாள் விற்றாகிவிட்டது. மத்தியானம் வரை அவளுக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. மகனைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. சாப்பாட்டு டப்பாவைத் திறந்து அப்படியே மூடினாள். பிறகு திடீரென்று எழுந்து கிடங்குக்கு இறங்கினாள். நானும் பின்னாலேயே போனேன்.

கடையின் டெலிவரி வேனை ஓட்டுகிற வேன் அண்ணன், அந்தத் தாழ்ப்பாளையும் சேர்த்துப் பார்சல்களை ஏற்றிக்கொண்டிருந்தார். கொண்டுபோய்க் கொடுக்கிறவருக்குத்தான் விலாசம் தெரியும். அக்கா விஷயத்தைச் சொன்னதும் அவர் தலையைச் சொறிந்தார். “அட்ரஸ் சொன்னா என் வேலை போயிடும்மா. ஆனா முன்னாடி சீட்டு காலியாத்தான் இருக்கு.”

எனக்குத் தலைவலி என்றும், அக்கா என்னை வீட்டில் கொண்டுபோய் விடப் போகிறாள் என்றும் சாரிடம் அளந்துவிட்டுக் கிளம்பினோம். அவளுக்குத் துணைக்குப் போனேன் என்று பெருமையாகச் சொல்லிக்கொள்ளலாம். உண்மையில் பாதி துணைக்கு, பாதி வேடிக்கை பார்க்க.

வண்டியில் வைத்துத்தான் அவள் சொன்னாள். நான் கேட்கவில்லை.

“நான் சின்னப் பொண்ணா இருக்கும்போது எங்க சித்திய ஒரு ரூம்ல வச்சிருந்தாங்க. மனசு சரியில்லன்னு. வெளியில தாழ்ப்பாள். தட்டிக்கிட்டே இருப்பா. எங்கம்மா, ‘காதுல வாங்காத, படி’ம்பா. ஒரு நாள் தட்டுற சத்தமே வரல. அன்னைக்கு எங்க வீட்ல எல்லாரும் நிம்மதியா உக்காந்து சாப்பிட்டோம். நான் இன்னொரு தடவை கேட்டு வாங்கிச் சாப்பிட்டேன்டி. சாயங்காலம்தான் கதவத் திறந்து பாத்தாங்க.”

வேன் அண்ணன் பாட்டை நிறுத்திவிட்டார். நான் அவள் கையைப் பிடித்துக்கொண்டேன். “அங்க உள்ள குழந்தை கிழந்தை இருந்தா என்னடி பண்றது?” என்று மட்டும் கேட்டாள்.

ஒரே அச்சில் வார்த்த மாதிரி வீடுகள் உள்ள அமைதியான தெரு அது. நாங்கள் தேடிப் போன வீட்டின் பக்கவாட்டு ஜன்னல் ஒன்றில் பலகை அடித்திருந்தது. திருகுகள் புதுசு, இன்னும் பளபளத்தன. அக்கா என் கையைக் கிள்ளினாள். நான் ஏற்கெனவே பார்த்துவிட்டேன்.

கதவைத் திறந்தவளுக்கு என் வயசு இருக்கும். தோளில் பை, எங்கோ கிளம்புகிற அவசரம், கண்ணுக்குக் கீழே கறுப்பு. வேன் அண்ணன் பார்சலை நீட்டியதும் அவள் வாங்கவில்லை. “நாங்க எதுவும் வாங்கலையே” என்றாள்.

“இரும்புத் தாழ்ப்பாள்” என்றாள் அக்கா.

அந்தப் பெண்ணின் முகம் விழுந்துவிட்டது. அதைப் பார்த்ததும் அக்காவுக்கு எங்கிருந்துதான் அந்தக் கோபம் வந்ததோ. முன்பின் தெரியாத வீட்டு வாசலில் நின்றுகொண்டு, “யார உள்ள போட்டுப் பூட்டப் போற?” என்று கேட்டேவிட்டாள்.

“என்னைத்தாம்மா” என்று உள்ளேயிருந்து ஒரு குரல் வந்தது.

ஓங்குதாங்கான ஒரு பெரியவர் வந்து நின்றார். தேய்த்த சட்டை, வழித்த முகம், கையில் திருப்புளி தயாராக இருந்தது. சட்டை அளவு சொல்வது போல அவ்வளவு சாதாரணமாகச் சொன்னார். “நான்தான் வாங்கினேன். வந்துடுச்சா? குடுங்க.”

“மாமா, வேணாம்னு எத்தனை தடவை சொல்லிட்டோம்” என்றாள் அந்தப் பெண். அவள் அவருடைய மருமகள்.

எங்களை உள்ளே கூப்பிட்டு உட்கார வைத்தார். ஆயுசு முழுக்க லிஃப்ட் மெக்கானிக். நடுவில் நின்றுபோன லிஃப்ட்டில் மாட்டிக்கொண்டவர்களை வெளியே எடுப்பதுதான் அவர் வேலையில் பெரிய வேலை. “எத்தனை பேர எடுத்திருக்கேன் தெரியுமா? ஒருத்தரைக்கூட விட்டதில்ல” என்றார். அதற்குப் பிறகு பேச்சு நின்றது. அடுத்தது அவருக்கு வரவில்லை என்று தெரிந்தது. மருமகள்தான் மெல்லிய குரலில் மீதியைச் சொன்னாள்.

ஞாபகம் போய்க்கொண்டிருக்கிறது. போன மாசம் பேத்தியைப் பூங்காவுக்குக் கூட்டிக்கொண்டு போனவர் தனியாகத் திரும்பி வந்தார். பாப்பா எங்கே மாமா என்று கேட்டதற்கு, “எந்தப் பாப்பா?” என்றார். இருட்டுகிற நேரத்தில் பெரிய ரோட்டு பஸ் நிறுத்தத்தில் உட்கார்ந்திருந்தாள் குழந்தை. தாத்தா வருவார் என்று யாரோடும் போகாமல் உட்கார்ந்திருந்தாளாம். அன்றைக்குப் பிறகு அவர் தன் ஜன்னலுக்குத் தானே பலகை அடித்தார். தாழ்ப்பாள் வாங்கிக் கொடு என்று மகனைக் கேட்டார், மருமகளைக் கேட்டார். இருவரும் மாட்டேன் என்றுவிட்டார்கள்.

“அதான் நானே வாங்கிட்டேன். உனக்கு எல்லாம் எழுதியும் வச்சிருக்கேன், பாரு” என்று போனை எடுத்துக் காட்டினார். எங்கள் கடையின் தேடல் பெட்டி. தாழ்ப்பாள் வாங்கிய பெட்டியிலேயே மருமகளுக்குச் சொல்ல வேண்டியதையும் எழுதி வைக்கலாம் என்று நினைத்திருக்கிறார். எழுதுவார், பாதியில் மறந்துபோகும், கை நிற்கும். நின்றதும் பெட்டி பிடுங்கிக்கொண்டு ஓடிவந்து எங்களிடம் கொடுத்திருக்கிறது.

எனக்கு உயிர் வந்தது. வெட்கம் கெட்டவள், சிரிப்புகூட வந்தது. அக்காவைப் பார்த்தேன். அவள் சிரிக்கவில்லை.

அவர் அறைக் கதவுக்குப் போய் வேலையை ஆரம்பித்தார். “கொஞ்சம் கதவப் பிடிம்மா” என்று அக்காவைக் கூப்பிட்டார். மருமகள் சமையலறைக்குள் போய்விட்டாள். அக்கா கதவைப் பிடித்தாள், திருகுகளை ஒவ்வொன்றாக எடுத்துக் கொடுத்தாள். அந்தக் கைகளில் மறதி இல்லை. அளந்து, துளையிட்டு, ஒரு திருகு கோணாமல் மாட்டினார். தாழ்ப்பாளை இழுத்துப் போட்டுக் கதவை ஆட்டிப் பார்த்தார். “நல்ல சாமான்” என்றார்.

சொல்லிவிட்டு அங்கேயே நின்றார். திருப்புளியைப் பார்த்தார், மூடின கதவைப் பார்த்தார். முகம் மாறியது. அப்போதுதான் அந்த வீட்டுக்குள் நுழைந்தவர் மாதிரி சுற்றிலும் பார்த்துவிட்டு, சட்டென்று கதவில் காதை வைத்தார்.

“உள்ள யாரு? பயப்படாதீங்க. கதவ விட்டுத் தள்ளி நில்லுங்க. காத்து வரும், காத்துக்கு ஒண்ணும் குறை இல்ல. நான் வந்துட்டேன்.”

அவ்வளவு கனிவான குரலை நான் கேட்டதில்லை. அவர் அக்காவின் பக்கம் திரும்பி, “எவ்வளவு நேரமா மாட்டிக்கிட்டிருக்காங்க? பதிலே வரல. மயங்கிட்டாங்களோ?” என்று கேட்டுக்கொண்டே சட்டைப் பையில் எதையோ தேடினார். லிஃப்ட் சாவியாக இருக்கும். தாழ்ப்பாள் கண்ணெதிரே இருந்தது, அவருக்குத் தெரியவில்லை. அக்காதான் தாழ்ப்பாளை நீக்கிக் கதவைத் திறந்தாள்.

உள்ளே ஒரு கட்டில், மடித்த போர்வை, பலகை அடித்த ஜன்னல், ஒரு ஜோடி செருப்பு. அவர் வெகுநேரம் பார்த்தார்.

“போயிட்டாரு” என்றார். “நான் வர்றதுக்குள்ள போயிட்டாரு.”

சுவரைப் பிடித்தபடி அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டார். மருமகள் ஓடிவந்து தண்ணீர் கொடுத்தாள். குடிக்கக் குடிக்க முகம் தெளிந்தது. திரும்பி வந்துவிட்டார். வந்ததும் முதலில் கடிகாரத்தைத்தான் பார்த்தார். “பாப்பாவுக்கு ஸ்கூல் விட்டிருக்கும். நீ கிளம்பு.”

அவள் தயங்கி எங்களைப் பார்த்தாள். “போயிட்டு வா, நாங்க இருக்கோம்” என்றாள் அக்கா. வேன் அண்ணன் அவளைப் பள்ளிக்கு ஏற்றிக்கொண்டு போனார்.

வண்டிச் சத்தம் மறைந்ததும் பெரியவர் எழுந்து தானாகவே அறைக்குள் போய்க் கட்டிலில் உட்கார்ந்தார். “இப்போ போட்டுடும்மா” என்றார் அக்காவிடம்.

“நாங்கதான் இருக்கோமே. எதுக்கு?”

“நீங்க நாளைக்கு இருக்க மாட்டீங்க. என் மருமக போட மாட்டா, அவளுக்கு மனசு வராது. அவ வர்றப்போ பூட்டியிருக்கணும். பாத்துட்டா பழகிடும். முதல் தடவைதான் கஷ்டம். நீ வெளி ஆளு, நீ போடலாம்.”

அக்கா மாட்டேன் என்று தலையாட்டினாள். அவர் கையெடுத்துக் கும்பிட்டார். “அந்தக் குழந்தை பஸ் ஸ்டாப்புல உக்காந்திருந்துச்சும்மா. தட்டினாலும் திறக்காத. அழுதாலும்…”

அங்கே நின்றார். அதற்குப் பிறகு என்ன சொல்ல வந்தோம் என்பது போய்விட்டது. வாய் திறந்தபடி, அக்கா எடுத்துக் கொடுப்பாளா என்று அவள் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்.

அக்கா கதவைச் சாத்தினாள். தாழ்ப்பாளைப் போட்டாள். எண்ணெய் மணம் போகாத புதுத் தாழ்ப்பாள், சத்தமில்லாமல் ஏறியது.

கொஞ்ச நேரத்தில் தட்டல் ஆரம்பித்தது. முதலில் மெதுவாக, நாகரிகமாக. பிறகு உள்ளங்கையால் அறைந்தார். “யாராவது இருக்கீங்களா? லிஃப்ட் நின்னு போச்சு. யாராவது இருக்கீங்களா?” அந்தக் கனிவான குரல் காணாமல் போய், சின்னப் பிள்ளையின் குரலாக மாறி, அழுகையாகிவிட்டது. என்னால் தாங்க முடியவில்லை. “திறந்துடுக்கா, உனக்குப் புண்ணியமாப் போகும்” என்று அவள் தோளைப் பிடித்து உலுக்கினேன். அவள் தாழ்ப்பாளின் மேல் கையை வைத்து, கதவில் நெற்றியை முட்டி நின்றாள். கண்ணீர் தாரையாகக் கொட்டியது.

“இருக்கேன்யா. இங்கதான் இருக்கேன்” என்று சொல்லிக்கொண்டே இருந்தாள். வாசலில் வேன் வந்து நின்றது, குழந்தை “தாத்தா” என்று கூப்பிட்டுக்கொண்டே இறங்கியது. அப்போதும் அவள் திறக்கவில்லை.